கருவேலம் அகேசியாவா, வாச்செலியாவா? தாவரப் பெயர்கள் ஏன் மாறுகின்றன

உங்கள் கேள்வியைச் சுருக்கினால் இப்படி வரும். பள்ளி வளாகத்து மரங்களுக்குப் பெயர்ப்பலகை எழுதப் போகிறீர்கள். நீங்கள் படித்த காலத்தில் கருவேலம் என்றால் அகேசியா நிலோட்டிகா. இப்போது தேடினால் வாச்செலியா நிலோட்டிகா என்று வருகிறது. சீமைக் கருவேலம் புரோசோபிஸ் ஜூலிஃப்ளோராவாக இருந்தது, அதுவும் நெல்டுமா ஆகிவிட்டது. ஊர்ப்பெயர் ஊருக்கு ஊர் மாறும், அறிவியல் பெயர் மாறாது என்றுதானே சொல்லிக்கொடுத்தார்கள், இதையெல்லாம் யார் மாற்றுகிறார்கள், எதை எழுதுவது என்று கேட்டிருக்கிறீர்கள். பலகையில் எதை எழுதுவது என்பதைக் கடைசியில் சொல்லிவிடுகிறேன், அது சுலபம். ஆனால் கேள்விக்குள் இன்னொரு கேள்வி இருக்கிறது: இப்படி மாறிக்கொண்டே இருக்கும் ஒன்றை எதற்கு நம்ப வேண்டும்? அதற்குத்தான் இந்த நீளமான பதில். ஹெர்பேரியத்திலும் (உலர்த்திய செடிகளைச் சேமித்து வைக்கும் இடம்) வகுப்பறையிலுமாக வகைப்பாட்டியலோடு பல வருடம் பழகியவன் நான். அதிலும் அதிகம் பார்த்தது அவரைக் குடும்பத்து மரங்களைத்தான். நீங்கள் கேட்டிருப்பதும் அந்தக் குடும்பம் என்பதால் தைரியமாக எழுதுகிறேன். புல், பெரணி, பாசி என்றால் வேறு ஆளைத்தான் கேட்க வேண்டும்.

முதலில் ஒன்றைப் பிரித்துக்கொள்வோம். வகைப்படுத்துவது ஒரு வேலை, பெயர் வைப்பது இன்னொரு வேலை. எந்தச் செடி எதற்கு உறவு, எங்கே ஒரு சிற்றினம் முடிந்து அடுத்தது தொடங்குகிறது, எவற்றை ஒரே பேரினமாகச் சேர்க்கலாம் என்பதெல்லாம் வகைப்பாடு. இது ஆராய்ச்சி. இதற்குச் சட்டம் கிடையாது, தலைமை அலுவலகம் கிடையாது. ஒருவர் ஆதாரத்தோடு எழுதுவார், மற்றவர்கள் ஏற்றுக்கொள்வார்கள் அல்லது மறுப்பார்கள். பெயரிடுதல் அப்படியல்ல. அதற்குச் சர்வதேச விதித்தொகுப்பு ஒன்று உண்டு, ஷரத்து ஷரத்தாக எழுதப்பட்ட சட்டப் புத்தகம் மாதிரியே இருக்கும். வகைப்பாட்டை நீங்கள் முடிவு செய்துகொண்டால், அதற்கு எந்தப் பெயர் சரியானது என்பதை அந்த விதிகள் சொல்லிவிடும். அதில் உங்கள் விருப்பத்துக்கு இடமில்லை. ஆகவே பெயர் மாறியது என்றால் இரண்டில் ஒன்று நடந்திருக்கிறது: உறவைப் பற்றிய கருத்து மாறியிருக்கிறது, அல்லது விதியை இதுவரை சரியாகப் பின்பற்றவில்லை என்று கண்டுபிடித்திருக்கிறார்கள். கருவேலத்தின் கதையில் இந்த இரண்டும் இருக்கின்றன, மூன்றாவதாக ஓர் அரசியலும் இருக்கிறது.

கோவை வேளாண் பல்கலைக்கழக வளாகத்தில் இருக்கும் மெட்ராஸ் ஹெர்பேரியமோ (பெயர்தான் மெட்ராஸ்), திருச்சி தூய வளனார் கல்லூரியின் ராபினட் ஹெர்பேரியமோ, இப்படிப்பட்ட பழைய ஹெர்பேரியம் எதையாவது பார்க்க வாய்ப்புக் கிடைத்தால் கருவேலத்துத் தாள் ஒன்றை எடுத்துக் காட்டச் சொல்லுங்கள். செய்தித்தாளைவிடச் சிறிய, தடித்த வெள்ளை அட்டை. அதன்மேல் அழுத்தி உலர்த்திய கிளை ஒன்று நூலால் தைக்கப்பட்டிருக்கும். மஞ்சள் உருண்டைப் பூக்கள் பழுப்பேறிக் கிடக்கும். விதைக்கு விதை இடுப்பு ஒடுங்கிய காய், மணி கோத்த மாலை மாதிரி, சாம்பல் வெள்ளையாக. உதிர்ந்த விதைகளைப் போட்டு வைக்க மூலையில் மடித்த காகித உறை. வலது கீழ் மூலையில் லேபிள்: எந்த ஊர்க் கண்மாய்க் கரை, எந்தத் தேதி, சேகரித்தவர் யார், அவருடைய சேகரிப்பு எண் என்ன. தாள் பழையதாக இருந்தால் லேபிளில் அகேசியா அராபிகா என்று எழுதியிருக்கும். அதற்கு மேலே பிற்பாடு ஒட்டிய ஒரு சிறு துண்டுக் காகிதத்தில் அகேசியா நிலோட்டிகா, துணைச்சிற்றினம் இண்டிகா என்று இருக்கும். சமீபத்தில் யாராவது ஆய்வுக்கு வந்து போயிருந்தால் மூன்றாவது துண்டு: வாச்செலியா நிலோட்டிகா, துணைச்சிற்றினம் இண்டிகா. பழைய துண்டை யாரும் கிழிக்க மாட்டார்கள், அடிக்கவும் மாட்டார்கள். பக்கத்தில் புதியதை ஒட்டி, தன் பெயரையும் வருடத்தையும் எழுதிவிட்டுப் போவார்கள். அது ஹெர்பேரியத்தின் ஒழுக்கம். தைத்து வைத்த கிளை அதேதான். மூன்று பெயருக்கும் மூன்று வெவ்வேறு காரணம்.

அராபிகா நிலோட்டிகா ஆனது முன்னுரிமை விதியால், அதாவது முந்தி வைத்த பெயரே செல்லும் என்ற விதியால். தாவரப் பெயர்களின் கணக்கு 1753 மே 1 அன்று தொடங்குகிறது. ஸ்வீடன் நாட்டுத் தாவரவியலாளர் லின்னேயஸின் 'ஸ்பீஷீஸ் பிளாண்டாரம்' வெளிவந்ததாக விதித்தொகுப்பு வைத்துக்கொள்ளும் நாள் அது. அதற்கு முன்னால் வந்த எதுவும் செல்லாது. கேரளத்துச் செடிகளைப் பன்னிரண்டு தொகுதிகளில் படம் போட்டு விளக்கிய 'ஹோர்ட்டஸ் மலபாரிகஸ்' எவ்வளவு பெரிய வேலை, ஆனால் அதில் உள்ள பெயர்களுக்குச் சட்ட மதிப்பு இல்லை. லின்னேயஸ் அந்த 1753 புத்தகத்தில் நம் மரத்தை மிமோசா நிலோட்டிகா என்று வைத்தார், நைல் நதிக்கரைச் செடியை மனதில் வைத்து. தொட்டாற்சுருங்கியும் கருவேலமும் அவருக்கு ஒரே பேரினம். லமார்க் 1783இல் மிமோசா அராபிகா என்று இன்னொரு பெயர் கொடுத்தார். இரண்டும் வேறு வேறு சிற்றினம் என்று நினைத்தவரை இரண்டு பெயரும் பிழைத்திருந்தன. ஒரே மரம்தான் என்ற கருத்து வலுத்ததும், எது முந்தியது என்ற கேள்வி வந்துவிட்டது. 1753 முந்தியது, அவ்வளவுதான். அராபிகா இணைப்பெயராக, அதாவது அதே மரத்தின் இன்னொரு பெயராக, ஒதுங்கியது. காம்பிளின் மெட்ராஸ் மாகாணத் தாவர நூலைப் (1915 முதல் 1936 வரை பகுதி பகுதியாக வந்தது) புரட்டி வளர்ந்த தலைமுறைக்கு அராபிகாதான் வாயில் வரும். மூலிகைப் புத்தகங்களில் இன்றும் அதைப் பார்க்கலாம்.

வன்னிக்கும் இதேதான் நடந்தது. பழைய நூல்களில் புரோசோபிஸ் ஸ்பைசிஜெரா என்று இருக்கும். அது லின்னேயஸே 1767இல் வைத்த பெயர். ஆனால் அதற்கு முன்பே அவர் அதே மரத்துக்கு மிமோசா சினரேரியா என்று ஒரு பெயர் வைத்திருந்தார். 1914இல் டுரூஸ் என்பவர் அந்தப் பழைய பெயரை எடுத்து புரோசோபிஸ் சினரேரியா ஆக்கினார். ஒரே ஆள் வைத்த இரண்டு பெயர்களுக்குள்ளும் முந்தியதுதான் செல்லும்.

நடுவில் ஒரு சந்தேகம் உங்களுக்கு வந்திருக்கும், மிமோசா எப்படி அகேசியா ஆனது என்று. அகேசியா என்ற பேரினத்தை 1754இல் ஃபிலிப் மில்லர் தனியாகப் பிரித்தார். நிலோட்டிகா என்ற சொல்லை அந்தப் பேரினத்துக்குள் கொண்டுவந்த பெயர் 1813இல் டெலில் வெளியிட்டது. பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் ஒரு ஆள், வெளியே ஒரு ஆள் என்று சுருக்கெழுத்தில் வருகிறதே, அது இதைத்தான் சொல்கிறது. உள்ளே இருப்பவர் முதலில் பெயர் வைத்தவர், வெளியே இருப்பவர் அதை இப்போதுள்ள பேரினத்துக்கு மாற்றியவர். வாச்செலியா நிலோட்டிகாவுக்குப் பின்னால் உள்ளே லின்னேயஸ், வெளியே ஹர்ட்டரும் மாபர்லியும். மாற்றிய வருடம் 2008. இதைப் படிக்கத் தெரிந்துவிட்டால் ஒரு பெயரைப் பார்த்த உடனே அது எத்தனை வீடு மாறி வந்திருக்கிறது என்று ஓரளவு தெரிந்துவிடும்.

இண்டிகா என்ற துணைச்சிற்றினம் பிரெனன் செய்த வேலை, 1957. கருவேலம் ஆப்பிரிக்காவிலிருந்து இந்தியா வரை பரந்து கிடப்பது. காய் விதைக்கு விதை ஒடுங்குகிறதா, விளிம்பு நேராக ஓடுகிறதா, இளங்கிளையில் மயிர் அடர்த்தி எவ்வளவு என்று இடத்துக்கு இடம் மாறுகிறது. அதை வைத்து ஒன்பது துணைச்சிற்றினங்கள் வரை பிரிக்கிறார்கள். நம் கண்மாய்க் கருவேலம் பெரும்பாலும் இண்டிகாதான், மணிமாலைக் காயை வைத்தே சொல்லிவிடலாம். ஆனால் இந்தத் துணைச்சிற்றினங்களுக்குள் கலப்பும் இடைநிலை மரங்களும் உண்டு. வெறும் இலைக்கிளையைக் கொண்டுவந்து காட்டி எந்தத் துணைச்சிற்றினம் என்று கேட்டால் நான் பேசாமல் இருந்துவிடுவேன்.

இனி மூன்றாவது துண்டுக் காகிதம். இதுதான் பெரிய கதை. அதற்கு முன் 'டைப்' என்றால் என்னவென்று சொல்ல வேண்டும். ஒரு சிற்றினத்தின் பெயர், விளக்கத்தோடு கட்டப்பட்டதல்ல. ஒரு குறிப்பிட்ட உலர்ந்த மாதிரியோடு கட்டப்பட்டது. அந்த மாதிரிதான் டைப். பேரினத்துக்கு என்றால் ஒரு சிற்றினம் டைப்பாக இருக்கும். மாடு கட்டும் முளையை நினைத்துக்கொள்ளுங்கள். கயிற்றை நீட்டலாம், குறைக்கலாம், மேயும் வட்டம் பெருக்கும் சிறுக்கும், முளை நகராது. ஒரு பேரினத்தை ஐந்தாக உடைத்தால் பழைய பெயர் எந்தத் துண்டுக்குப் போகும்? எந்தத் துண்டில் டைப் இருக்கிறதோ அதற்கு. மற்றவை வேறு பெயர் தேடிக்கொள்ள வேண்டும்.

ஜார்ஜ் பெந்தம் என்ற ஆங்கிலேயத் தாவரவியலாளர் 1842இல் அகேசியாவுக்குக் கோடு போட்டபோது அவர் பார்த்த முக்கிய அடையாளம் மகரந்தத்தாள். ஏராளமான மகரந்தத்தாள்கள், ஒன்றோடொன்று ஒட்டாமல் தனித்தனியாக. ஒட்டிக் குழலாக இருந்தால் அது வாகை, தூங்குமூஞ்சி பக்கம். வசதியான அடையாளம், கைலென்ஸ் போதும். நூற்றைம்பது வருடம் அது ஓடியது. பேரினம் 1,300 சிற்றினங்களுக்கு மேல் வீங்கியது. அதில் ஏறக்குறைய ஆயிரம் ஆஸ்திரேலியாவில். அப்புறம் டி.என்.ஏ. வரிசைகளை ஒப்பிடும் வேலை வந்தது. வந்த பிறகு தெரிந்தது, தனித்தனி மகரந்தத்தாள் என்ற ஒரே காரணத்துக்காக உறவே இல்லாதவர்களை ஒரே வீட்டில் குடி வைத்திருக்கிறோம் என்பது. ஆஸ்திரேலியக் கூட்டம் கருவேலத்தைவிட வாகைக்குத்தான் நெருக்கம். கருவேலக் கூட்டம் வேறு கிளை, சீகைக்காய்க் கூட்டம் இன்னொரு கிளை.

டி.என்.ஏ. சொல்லித்தான் தெரிய வேண்டும் என்பதுகூட இல்லை, கையில் எடுத்துப் பார்த்தாலே வித்தியாசம் புரியும். கருவேலத்துக் கணுவைப் பாருங்கள்: இரண்டு நேரான வெள்ளை முள், ஜோடியாக. இலையடிச் செதில்தான் அங்கே முள்ளாக மாறியிருக்கிறது. பூ உருண்டை. சீகைக்காய்க் கொடியைப் பாருங்கள்: முள் வளைந்து கொக்கி மாதிரி, தண்டு முழுக்கச் சிதறி, சட்டையைப் பிடித்து இழுக்கும். அது இலையடிச் செதில் அல்ல, தோலில் எழும்பியது. ஆஸ்திரேலியக் கத்திசவுக்கைப் பாருங்கள்: முள்ளே இல்லை, இலைபோல் அரிவாள் வடிவில் தொங்குவது உண்மையில் தட்டையான இலைக்காம்பு. பெந்தமுக்கும் இந்த வேறுபாடுகள் எல்லாம் தெரியும், இவற்றை வைத்துத்தான் அவர் உட்பிரிவுகள் போட்டார். எந்த அடையாளத்துக்கு எவ்வளவு எடை கொடுப்பது என்பதில்தான் பிற்காலம் மாறியது.

சரி, உடைத்தாயிற்று. அகேசியா என்ற பெயர் யாருக்கு? விதிப்படி டைப் எங்கேயோ அங்கே. டைப் எது தெரியுமா? நம் கருவேலமேதான். அப்படியானால் கருவேலமும் ஆப்பிரிக்கச் சமவெளியின் குடை முள்மரங்களும் அகேசியாவாகவே இருந்திருக்கும். ஆஸ்திரேலியாவின் ஆயிரம் சிற்றினங்கள் ரேகோஸ்பெர்மா என்ற பெயருக்குப் போயிருக்கும். 1986இலேயே பெட்லி என்ற குவீன்ஸ்லாந்துக்காரர் அதைச் செய்யவும் தொடங்கினார். ஆஸ்திரேலியர்களுக்கு இது ஒத்துவரவில்லை. அவர்களுடைய தேசிய மலரே ஓர் அகேசியா. விதித்தொகுப்பில் ஒரு விலக்கு உண்டு: பெருங்குழப்பம் வரும் என்றால் டைப்பையே மாற்றக் கோரலாம். 2003இல் ஆர்ச்சர்டும் மாஸ்லினும் கருவேலத்தை நீக்கி, அகேசியா பென்னிநெர்விஸ் என்ற ஆஸ்திரேலியச் சிற்றினத்தை டைப்பாக வைக்கும்படி முன்மொழிந்தார்கள். ஆயிரம் பெயர் மாறுவதைவிட சில நூறு பெயர் மாறுவது மேல் என்பது வாதம்.

பெயரிடும் விதிகளைக் கவனிக்கும் குழுக்கள் ஏற்றுக்கொண்டன. 2005இல் வியன்னாவில் நடந்த சர்வதேசத் தாவரவியல் மாநாட்டுக்கு அது வந்தபோது ஆப்பிரிக்க, அமெரிக்கத் தரப்பிலிருந்து கடும் எதிர்ப்பு. வாக்கெடுப்பில் பாதிக்கு மேற்பட்ட வாக்குகள் மாற்றத்துக்கு எதிராகவே விழுந்தன. ஆனால் குழுவின் பரிந்துரையைத் தள்ள 60 சதவீதம் வேண்டும் என்று விதிமுறை வைத்திருந்தார்கள், அது எட்டவில்லை. பரிந்துரை நின்றுவிட்டது. 2011இல் மெல்போர்னில் (ஆம், ஆஸ்திரேலியாவில்தான்) மறுபடி சண்டை, மறுபடி அதே முடிவு. என் கருத்தைக் கேட்டால், எண்ணிக்கைக் கணக்கு நியாயமானதே. குறைவான பெயர்கள் மாறின. ஆனால் பெரும்பான்மை வேண்டாம் என்று சொன்ன ஒன்று நடைமுறைச் சிக்கலால் நிறைவேறியது எனக்கு இன்றும் உறுத்துகிறது. ஆப்பிரிக்காவில் இன்னும் பலர் கோபத்தோடு அகேசியா என்றே எழுதுகிறார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது.

முளையைப் பிடுங்கி வேறு இடத்தில் அடித்தாயிற்று. கருவேலக் கூட்டத்துக்குப் பெயர் வேண்டும். புதிதாக உருவாக்க முடியாது, முன்னுரிமை விதிப்படி ஏற்கெனவே இருக்கும் பெயர்களில் தேட வேண்டும். கிடைத்தது வாச்செலியா. இது எங்கே பிறந்த பெயர் என்பது பலருக்குத் தெரியாது. மெட்ராஸ் மாகாணத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியின் மருத்துவராக வந்த ராபர்ட் வைட் என்ற ஸ்காட்லாந்துக்காரரும் அவர் நண்பர் ஆர்னட்டும் 1834இல் தென்னிந்தியத் தாவரங்களைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார்கள். அதில் கஸ்தூரி வேலைத் தனிப் பேரினமாக்கி, சீனாவில் கம்பெனியின் பாதிரியாராக இருந்துகொண்டு செடி சேகரித்த வாச்சல் என்பவரின் பெயரை வைத்தார்கள். பெந்தம் அதை அகேசியாவுக்குள் கரைத்துவிட்டார். பிறகு அது இணைப்பெயர்ப் பட்டியலில் ஒரு வரியாகக் கிடந்தது, எடுத்துப் பயன்படுத்த ஆள் இல்லாமல். இப்போது கருவேலம், வெள்வேலம், தென்மாவட்டத்துக் குடைவேல் எல்லாம் அந்தப் பெயரில்தான் வாழ்கின்றன. சீகைக்காயும் காசுக்கட்டி எடுக்கும் கருங்காலியும் செனகாலியாவுக்குப் போய்விட்டன. தமிழ்நாட்டில் அகேசியா என்ற பெயரோடு மிச்சமிருப்பவை கத்திசவுக்கு, நீலகிரியிலும் கொடைக்கானலிலும் வெள்ளைக்காரர் கொண்டுவந்து நட்டு இன்று புல்வெளியைத் தின்றுகொண்டிருக்கும் வாட்டில் மரங்கள் போன்ற ஆஸ்திரேலிய இறக்குமதிகள் மட்டுமே.

கருங்காலி என்றதும் ஒரு வார்த்தை. இப்போது கருங்காலி மாலை என்று விற்கிறார்களே, அந்தக் கருங்காலி எது? ஒருவர் காசுக்கட்டி தரும் முள்மரத்தைச் சொல்வார், இன்னொருவர் முள்ளே இல்லாத எபனி மரத்தைச் சொல்வார். இரண்டும் வேறு வேறு குடும்பம். அறிவியல் பெயர் மூன்று முறை மாறினாலும் எந்த மரத்தைச் சொல்கிறோம் என்பதில் சந்தேகம் வராது. ஊர்ப்பெயர் மாறாமல் இருந்தும் வருகிறது.

சீமைக் கருவேலத்துக்கு வருவோம். 2022இல் புரோசோபிஸையும் இதேபோல் பிரித்தார்கள். அதிலும் உறவில்லாத கூட்டங்கள் சேர்ந்திருந்தன. ஆனால் இங்கே சண்டை வரவில்லை. டைப் வன்னி, வன்னியும் அதன் நெருங்கிய உறவு இரண்டும் சேர்ந்து மூன்றே சிற்றினங்கள் புரோசோபிஸாக நின்றன. அமெரிக்கக் கண்டத்துச் சிற்றினங்களில் பெரும்பாலானவை நெல்டுமா. அதுவும் புதுப்பெயர் அல்ல. ராஃபினெஸ்க் 1838இலேயே வைத்தது, நெல்டுமா ஜூலிஃப்ளோரா என்று அவரே எழுதியிருக்கிறார். அவர் காலத்தில் பலரும் அவரைப் பைத்தியக்காரர் மாதிரி நடத்தினார்கள், கண்டதற்கெல்லாம் பெயர் வைக்கிறார் என்று. இங்கும் முள்ளைப் பார்த்தால் போதும்: வன்னியில் கணுக்களுக்கு இடையே உள்ள தண்டில் சிறு முட்கள் சிதறியிருக்கும், சீமைக் கருவேலத்தில் முள் கணுவில், இலை புறப்படும் இடத்தில் இருக்கும்.

நம்மூர் ஆற்றங்கரைகளில் மண்டிக் கிடப்பது முழுக்க ஜூலிஃப்ளோராதானா என்று கேட்டால், பேரினத்தைச் சொல்லும் உறுதியோடு சிற்றினத்தைச் சொல்ல மாட்டேன். ஜூலிஃப்ளோராவையும் பாலிடா என்ற அதன் உறவையும் உலகம் முழுக்கவே மாற்றி மாற்றி எழுதி வைத்திருக்கிறார்கள். குரோமோசோம் எண்ணிக்கையில் ஜூலிஃப்ளோரா மற்றதைப்போல் இரு மடங்கு. ஆனால் தெருவோரத்தில் நின்று குரோமோசோமை எண்ண முடியாதே. நீதிமன்ற உத்தரவுகளிலும் அரசாணைகளிலும் இருக்கும் பழைய பெயர் செல்லாமல் போய்விடுமோ என்று சிலர் கேட்கிறார்கள். போகாது. இணைப்பெயர் என்பது தவறான பெயர் அல்ல. அதே மரத்துக்கு இன்னொரு பெயர்.

இவ்வளவில் எது உறுதி, எது இல்லை? பழைய அகேசியா ஒரே கூட்டம் அல்ல என்பது உறுதி. வெவ்வேறு ஆய்வுக்கூடங்கள், வெவ்வேறு மரபணுக்கள், ஒரே முடிவு. அதை அப்படியே ஒன்றாக வைத்திருக்க வேண்டும் என்றால் வாகை, தூங்குமூஞ்சி, தொட்டாற்சுருங்கி எல்லாவற்றையும் அதற்குள் அள்ளிப்போட வேண்டியிருக்கும். அதை யாரும் விரும்ப மாட்டார்கள். டைப் மாறியதும் சட்டப்படி முடிந்த விஷயம். ஆனால் எத்தனை பேரினமாக உடைப்பது என்பது தீர்ப்பு, உண்மை அல்ல. இயற்கையில் உறவு இருக்கிறது, கிளை இருக்கிறது. இந்தக் கிளைக்குப் பேரினம் என்ற தகுதி என்று எந்த மரத்திலும் எழுதியில்லை. செனகாலியா இப்போதே ஆட்டம் காண்கிறது, அதிலிருந்து ஒன்றிரண்டு சிறு பேரினங்களை 2017இல் பிரித்துவிட்டார்கள். வாகையின் பேரினமான அல்பிசியாவும் அப்படித்தான். சீகைக்காய்க்கு இன்னொரு பெயர் மாற்றம் வந்தால் நான் ஆச்சரியப்பட மாட்டேன்.

யார் மாற்றுகிறார்கள் என்று கேட்டிருந்தீர்கள். வகைப்பாட்டில் யாரும் வாக்களிப்பதில்லை. ஆய்விதழில் வெளியிடுகிறார்கள், பிறர் பின்பற்றுகிறார்கள், அவ்வளவே. வாக்கெடுப்பு விதிகளுக்கு மட்டும். வழக்கமாக ஆறு வருடத்துக்கு ஒருமுறை மாநாடு, அதற்கு முந்தின சில நாட்கள் பெயரிடும் விதிகளைப் பற்றிய அமர்வு. புதுச் சிற்றினத்துக்கு லத்தீனில் விளக்கம் எழுதியே ஆக வேண்டும் என்ற பழைய கட்டாயம் 2012 தொடக்கத்திலிருந்து போய்விட்டது, ஆங்கிலமும் போதும். பெயர் மட்டும் லத்தீன் வடிவில் இருக்க வேண்டும். 2024 மாட்ரிட் மாநாட்டில் புதுவிதமான ஒன்று நடந்தது. தென்னாப்பிரிக்காவில் கறுப்பின மக்களை இழிவுபடுத்தும் வசைச்சொல்லில் இருந்து வந்த 'காஃப்ரா' என்ற அடைமொழி இருநூற்றுக்கு மேற்பட்ட பெயர்களில் இருந்தது. 351க்கு 205 என்ற வாக்கில் அதை 'அஃப்ரா' என்று மாற்றினார்கள். சீகைக்காயின் உறவான செனகாலியா காஃப்ரா, செனகாலியா அஃப்ரா ஆகிவிட்டது. உறவு பற்றிய கருத்தும் மாறவில்லை, முன்னுரிமைச் சிக்கலும் இல்லை. ஒரு சொல் மனிதரைக் காயப்படுத்துகிறது என்பதற்காக மாற்றிய பெயர். இது எதில் போய் முடியும் என்று என் துறையில் இன்னும் சண்டை போடுகிறார்கள். நான் மாற்றத்தின் பக்கம்.

இனிப் பலகை. மரத்தை முதலில் சரிபாருங்கள். பெயர் சரியாக இருந்து மரம் தவறாக இருக்கும் பலகைகளைத்தான் நான் அதிகம் பார்த்திருக்கிறேன். உருண்டை மஞ்சள் பூவும் மணிமாலைக் காயும் என்றால் கருவேலம். பூ வெளிர்மஞ்சள் கதிராக நீண்டு, ஆடு விரும்பித் தின்னும் இனிப்பான மஞ்சள் காய் தொங்கினால் சீமைக் கருவேலம். பிறகு கியூ தாவரவியல் தோட்டம் நடத்தும் 'பிளான்ட்ஸ் ஆஃப் தி வேர்ல்ட் ஆன்லைன்' தளத்தில் பெயரைப் போட்டுப் பாருங்கள். எது ஏற்கப்பட்ட பெயர், எது இணைப்பெயர் என்று காட்டும். 'ஐ.பி.என்.ஐ.' என்ற தளம் வேறு: அது யார் எப்போது எங்கே பெயரை வெளியிட்டார் என்று மட்டும் பதியும், எது சரி என்று தீர்ப்பு சொல்லாது. பலகையில் மேலே பெரிதாகத் தமிழ்ப்பெயர். அதன்கீழ் ரோமன் எழுத்தில் சாய்வாக இப்போதைய பெயர், பேரினத்தின் முதல் எழுத்து மட்டும் பெரிய எழுத்து. அதற்கும் கீழே சிறிதாக 'முன்பு' என்று போட்டுப் பழைய பெயர். மாணவன் எந்தப் பழைய புத்தகத்தைத் திறந்தாலும் அதன் வழியே வந்து சேர்ந்துவிடுவான். ஆசிரியர் பெயர்ச் சுருக்கங்கள் பலகைக்கு வேண்டாம். குடும்பம் ஃபேபேசி என்றோ லெகுமினோசே என்றோ எழுதலாம், இரண்டும் சட்டப்படி செல்லும். பழைய பெந்தம்-ஹூக்கர் வகைப்பாட்டு முறையா, டி.என்.ஏ.வை வைத்துப் போட்ட புதிய ஏ.பி.ஜி. முறையா என்ற கவலை இந்த மரங்களுக்குத் தேவையில்லை. இரண்டிலும் ஒரே குடும்பம்தான்.

ஆக, கருவேலத்துக்கு வாச்செலியா நிலோட்டிகா, முன்பு அகேசியா நிலோட்டிகா. வெள்வேலத்துக்கு வாச்செலியா லூக்கோஃப்ளியா. சீமைக் கருவேலத்துக்கு நெல்டுமா ஜூலிஃப்ளோரா, முன்பு புரோசோபிஸ் ஜூலிஃப்ளோரா. வன்னி இருந்தால் புரோசோபிஸ் சினரேரியா, மாற்றம் இல்லை. கத்திசவுக்கு இருந்தால் அகேசியா ஆரிகுலிஃபார்மிஸ் என்றே எழுதுங்கள். அதன் விதைகள் கிடைத்தால் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்து, ஒரு நாள் ஊறவைத்து, தொட்டியில் முளைக்கப் போடச் சொல்லுங்கள். நாற்றின் முதல் சில இலைகள் கருவேலத்து இலை மாதிரியே சிறகு சிறகாகப் பிரிந்திருக்கும். அப்புறம் காம்பு தட்டையாகி, சிற்றிலைகள் உதிர்ந்து, அரிவாள் வடிவம் வரும். அந்த ஒரு நாற்றை வைத்துக்கொண்டு பெந்தம் ஏன் இவற்றைச் சேர்த்தார் என்றும் பின்னால் வந்தவர்கள் ஏன் பிரித்தார்கள் என்றும் ஒரு வகுப்பு முழுக்கப் பேசலாம்.